நாய் சேகருக்கு ஒரு நிஜ ரவுடி வேண்டும்

ஜாசின், அலோர் காஜா பக்கம், தோட்டத்தை விட்டுத் தாமானுக்குக் குடிவந்த வீடுகளில் 'தலைநகரம்' படத்தின் கதையைக் கேட்டுப் பாருங்கள், சட்டென்று சொல்ல வராது. நாய் சேகரைக் கேட்டால் சின்னப் பையன்கூட நடித்தே காட்டுவான்.

2006இல் சுராஜ் இயக்கிய அந்தப் படத்துக்கு நாயகன் சுந்தர் சி. வடிவேலுவின் நாய் சேகர் ஓரத்தில் வந்து போகிற ஆள்தான். 2022 டிசம்பரில் அதே சுராஜ், அதே வடிவேலு, 'நாய் சேகர் ரிட்டர்ன்ஸ்'. ('நாய் சேகர்' என்ற பெயரைச் சதீஷ் படம் முன்னாடியே பிடித்துவிட்டது. பெயருக்கே அடிதடி!) பல வருஷ இடைவெளிக்குப் பிறகு வடிவேலு நாயகனாகத் திரும்பிய படம். ஓடவில்லை.

அவருக்கு வயசாகிவிட்டது என்றார்கள். எனக்கு அப்படிப் படவில்லை. நாய் சேகர் ரவுடி இல்லை. ரவுடி என்று ஊர் நம்பணும் என்று தவிக்கிறவன். பக்கத்தில் சுந்தர் சி என்ற நிஜ ரவுடி நிற்பதால்தான் அந்தத் தவிப்பு சிரிப்பாகிறது. தெருக்கூத்தில் கட்டியக்காரன் ராஜாவைக் கிண்டல் பண்ணலாம், ஆனால் ராஜா மேடைக்கு வந்தாகணும். புதுப் படத்தில் சேகர் நாய் கடத்துகிறவன். பெயர் மட்டும் பழசு, அளந்து பார்க்க எதிரே ஆள் இல்லை.

வடிவேலுவால் முழுப்படம் தாங்க முடியாது என்பதும் சரியில்லை. அதே 2006இல் சிம்புதேவனின் 'இம்சை அரசன் 23ஆம் புலிகேசி' வந்தது. அங்கே கோழை ராஜாவுக்கு எதிரே வீரனான இரட்டைச் சகோதரனை எழுதி வைத்திருந்தார்கள். இரண்டு பேருமே வடிவேலுதான்.

அமெரிக்கத் தொலைக்காட்சிக்கும் இதே தலைவலி. 'ஃபிரெண்ட்ஸ்' ஜோயியை நண்பர்களிடமிருந்து பிரித்து லாஸ் ஏஞ்சலஸுக்கு அனுப்பினார்கள். 2004இல் தொடங்கி இரண்டே சீசனில் மூடியாச்சு. 'சியர்ஸ்' தொடரில் துணைப் பாத்திரமாக இருந்த ஃபிரேசியரோ 1993 முதல் 11 சீசன் ஓடினான். அவனுடைய பழைய நண்பர்களுக்குப் பதிலாக, படித்த திமிரை உட்கார்ந்த இடத்திலிருந்தே இறக்குகிற ஒரு போலீஸ்கார அப்பாவைக் கொடுத்தார்கள். பழைய தொடரில் அப்பா செத்துவிட்டார் என்று ஃபிரேசியரே சொல்லியிருந்தான். பரவாயில்லை என்று உயிரோடு கொண்டுவந்துவிட்டார்கள்.

2023இல் 'தலைநகரம் 2' வந்தது. சுந்தர் சி இருந்தார், நாய் சேகர் இல்லை.