பெருந்தோட்ட அடிமைக் குடியிருப்புகள்

பெருந்தோட்ட அடிமைக் குடியிருப்புகள் என்பவை அமெரிக்காவின் தென் மாநிலங்களில் புகையிலை, நெல், பருத்தி, கரும்புத் தோட்டங்களில் அடிமைப்படுத்தப்பட்ட ஆப்பிரிக்க வழி மக்கள் 1865 வரை வாழ்ந்த வீடுகள். எஞ்சியவற்றுள் பெரும்பாலானவை 19ஆம் நூற்றாண்டின் முற்பாதியைச் சேர்ந்தவை. செங்கல், சுண்ணாம்பு, நல்ல மரம் ஆகியவற்றால் கட்டப்பட்டவையே காலத்தைத் தாக்குப்பிடித்தன. பெரும்பான்மை மக்கள் வாழ்ந்த எளிய குடில்கள் மண்ணோடு மண்ணாகிவிட்டன.

தோற்றமும் மாற்றமும்

17ஆம் நூற்றாண்டு வர்ஜீனியாவிலும் மேரிலாந்திலும் அடிமைகளுக்கெனத் தனி வீடு அரிது. சமையற்கட்டிலும் களஞ்சியத்திலும் பரணிலும் படுத்துறங்கினர். அவர்களின் தொகை பெருகியபோது, உறவில்லாத பலர் சேர்ந்து தங்கும் கொட்டில்கள் எழுந்தன. தூண்களை நேரே மண்ணில் நட்டுக் கட்டியதால் அவை விரைவில் உளுத்துப்போயின. இத்தகைய இடங்களை அகழ்ந்தபோது தரைக்கடியில் பல சிறு குழிகள் வெளிப்பட்டன. உணவையும் சொந்தப் பொருள்களையும் காத்துக்கொள்ள அங்கிருந்தோர் தோண்டியவை அவை. 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் குடும்பத்துக்கொரு குடில் என்ற முறை பரவியதும் இக்குழிகள் குறைந்தன. தாமஸ் ஜெபர்சனின் மான்டிசெல்லோ தோட்ட அகழாய்வில் இம்மாற்றம் தெளிவாகத் தெரிகிறது.

1830களுக்குப் பின், குடில்களைத் தரையிலிருந்து உயர்த்திக் கட்டவும் ஆண்டுதோறும் வெள்ளையடிக்கவும் வேளாண் இதழ்கள் உரிமையாளர்களுக்கு அறிவுரை கூறின. அடிமை நோயுற்றால் போட்ட முதலுக்கு நட்டம் என்ற கணக்கு அதன் பின்னால் இருந்தது.

அமைப்பு

பரவலாகக் காணப்படும் வடிவம் இரட்டைக் குடில். நடுவில் ஒரு புகைபோக்கி, அதன் இருபுறமும் ஓர் அறை, அறைக்கு ஒரு குடும்பம். சமையல், உறக்கம், தையல் எல்லாம் அந்த ஓர் அறைக்குள்தான். குடில்கள் வரிசையாக நின்றதால் அப்பகுதி 'தெரு' எனப்பட்டது. உரிமையாளரோ மேற்பார்வையாளரோ ஒரே பார்வையில் எல்லா வாசல்களையும் கண்காணிக்க அந்த வரிசை உதவியது.

கட்டுமானப் பொருள் இடத்துக்கு இடம் மாறியது. கடலோரத்தை விட்டு விலகிய உட்பகுதிகளில் மரக்கட்டைகளை அடுக்கி, இடுக்கில் களிமண் பூசினர். ஜார்ஜியா, புளோரிடா கடற்கரையில் சிப்பிகளைச் சுட்டெடுத்த சுண்ணாம்புடன் மணல், நீர், முழுச் சிப்பிகள் கலந்து, பலகை அச்சில் கொட்டி இறுக்கினர். 'டேபி' எனப்படும் இக்கலவையில் எழுந்த சுவர்கள் பல இன்றும் நிற்கின்றன.

எஞ்சியவை

புளோரிடாவின் ஃபோர்ட் ஜார்ஜ் தீவில் செஃபனையா கிங்ஸ்லியின் தோட்டத்தில் 32 டேபி குடில்கள் அரைவட்டமாக அமைந்திருந்தன, 25 எஞ்சியுள்ளன. 1968இல் சார்லஸ் ஃபேர்பேங்க்ஸ் இங்கு நடத்திய அகழாய்வு பெருந்தோட்டத் தொல்லியல் துறையின் முன்னோடியாகும். தென் கரோலினாவின் பூன் ஹால் தோட்டத்தில் 9 செங்கல் குடில்கள் உள்ளன. மாளிகைக்குச் செல்லும் சாலையோரம் அமைந்த இவை, வருவோர் கண்ணில் முதலில் படும் செல்வக் காட்சியாகவும் பயன்பட்டன. லூசியானாவின் எவர்கிரீன் தோட்டத்தில் 22 மரக் குடில்கள் இரு வரிசைகளாக, ஓக் மரச் சாலையின் இருமருங்கிலும் நிற்கின்றன. 1992இல் அத்தோட்டம் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவிக்கப்பட்டது. வட கரோலினாவின் ஸ்டாக்வில் தோட்டத்தில் 1850ஐ ஒட்டிக் கட்டப்பட்ட ஈரடுக்கு வீடுகளில் வீட்டுக்கு நான்கு அறைகள். அங்குள்ள செங்கற்களில், ஈரக் களிமண்ணை அச்சிலிருந்து எடுத்தவர்களின் விரல் தடங்கள் இன்றும் தெரிகின்றன.

1865க்குப் பின்

விடுதலைக்குப் பிறகு சொந்த நிலம் கிடைக்காத பலர், அதே தோட்டங்களில் வாரக் குடியானவர்களாகி அதே வீடுகளிலேயே தங்கினர். மரச்சட்ட வீடுகள் பல தப்பியதற்கு இவர்கள் ஓட்டையடைத்துக் கூரை மாற்றி வாழ்ந்ததே காரணம். இருபதாம் நூற்றாண்டில் உழவு எந்திரங்கள் வந்து குடியானவர்கள் வெளியேறியதும் வீடுகள் பாழடைந்தன. 1933இல் தொடங்கிய அரசின் வரலாற்றுக் கட்டட அளவைப் பணி பலவற்றைப் படமெடுத்துப் பதிந்தது. தென் கரோலினாவின் எடிஸ்டோ தீவிலிருந்து பிரித்தெடுக்கப்பட்ட ஒரு குடில், 2016இல் வாஷிங்டனில் திறக்கப்பட்ட ஆப்பிரிக்க அமெரிக்க வரலாற்று அருங்காட்சியகத்தில் இடம்பெற்றுள்ளது. தென் கரோலினாவைச் சேர்ந்த ஜோசப் மெக்கில் 2010 முதல் இத்தகைய குடில்களில் இரவு தங்கி, மாளிகைகளைப் போலவே இவற்றையும் காக்க வேண்டும் என வலியுறுத்தி வருகிறார்.