கலாமுக்கு அருகில் நின்றவர்

ஸ்ரீபெரும்புதூர்–ஒரகடம் தொழில் வழித்தடத்தின் வல்லம் வடகாலில் சிப்காட்டின் விமான, விண்வெளித் தொழிற்பூங்கா உருவாவதற்குப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே, அங்கிருந்து தாம்பரம் வழியே எட்டிவிடக்கூடிய குரோம்பேட்டையின் மெட்ராஸ் இன்ஸ்டிடியூட் ஆஃப் டெக்னாலஜி (எம்.ஐ.டி.), இந்திய விண்வெளி முயற்சிக்கு ஆள் தந்திருந்தது. 1949இல் சி. ராஜம் நிறுவிய இக்கல்லூரி, அறிவியல் பட்டதாரிகளுக்கு விமானவியல், மின்னணுவியல் முதலிய அன்றைய புதுத் துறைகளைக் கற்பித்தது. விமானவியல் பயின்ற அப்துல் கலாமை நாடே அறியும். மின்னணுவியல் பயின்ற ஆர். ஆராவமுதனைத் துறைக்கு வெளியே அறிந்தவர் குறைவு.

டிராம்பே அணுசக்தி நிலையத்தில் பணியாற்றிய ஆராவமுதனை, இந்திய விண்வெளித் திட்டத்தைத் தொடங்கிய விக்ரம் சாராபாய் தேர்ந்தெடுத்துப் பயிற்சிக்காக நாசாவுக்கு அனுப்பினார். புவியின் காந்தப்புலம் தரைக்குக் கிடையாக அமையும் காந்த நடுக்கோடு அருகே செல்வதால் தேர்வான, கேரளக் கடற்கரையின் தும்பாவில், 1963 நவம்பர் 21 அன்று அமெரிக்காவின் நைக்–அப்பாச்சி ராக்கெட் பிரெஞ்சு சோடியம் ஆவிக் கருவியுடன் ஏவப்பட்டபோது, இணைப்பும் பாதுகாப்பும் கலாமின் பொறுப்பாகவும், பொருத்துதல் சக பொறியாளர் ஈஸ்வரதாஸின் பொறுப்பாகவும், ரேடாரும் டெலிமெட்ரியும், அதாவது பறக்கும் கருவியின் அளவீடுகளை வானொலி அலைகளால் தரைக்குப் பெறும் முறையும், ஆராவமுதனின் பொறுப்பாகவும் இருந்தன. பளுதூக்கியின் ஹைட்ராலிக் அமைப்பில் கசிவு ஏற்பட்டதால், ராக்கெட்டை ஏவுதளத்தில் ஆட்களே கைகொடுத்து நிறுத்த வேண்டியதாயிற்று. தடம் காண இயலாத ராக்கெட்டால் அறிவியலுக்குப் பயன் சொற்பம் என்பதால், ரேடார்க்காரரின் வேலையை உப வேலை என்று தள்ளிவிட முடியாது.

இப்படிப் பெயர் மறைந்தவர்கள் அமெரிக்காவிலும் உண்டு. கலாம் பயிற்சிக்காகச் சென்ற நாசாவின் லாங்லி மையத்தில், 1958இல் நாசாவின் முதல் கறுப்பினப் பெண் பொறியாளரான மேரி ஜாக்சனும் பணியாற்றிவந்தார். வாஷிங்டன் தலைமையகத்துக்கு அவர் பெயர் சூட்டப்படும் என்ற அறிவிப்பு 2020இல்தான் வந்தது. அங்கே மறைத்தது இனப்பாகுபாடு. இங்கே மறைத்தது ஒரே நாயகனைத் தேடும் நம் வழக்கம். இவ்விரண்டையும் ஒரே தட்டில் வைப்பது ஜாக்சனுக்கு இழைக்கப்பட்ட அநீதியைக் குறைத்துக் காட்டுவதாகும். ஆயினும் ஏட்டில் விடுபட்ட பெயர்களைத் தேடும் கடமை நமக்கும் உண்டு.

பின்னாளில் ஸ்ரீஹரிகோட்டா ஏவுதளத்துக்கும் பெங்களூரு செயற்கைக்கோள் மையத்துக்கும் இயக்குநராக இருந்த ஆராவமுதன், மனைவி கீதாவுடன் இணைந்து 2017இல் இஸ்ரோவின் வரலாற்றைத் தம் அனுபவத்திலிருந்து நூலாக்கினார்; 2021இல் காலமானார். தமிழ்ப் பாடநூல்களில் தும்பாவைப் பற்றி எழுதுவோர், கலாமின் பெயருடன் ஈஸ்வரதாஸ், ஆராவமுதன் பெயர்களையும் சேர்க்க வேண்டும்.