விருந்தாளி ஜெயித்த லீக்: வடூஸ், 2007-08

ஒரு நாட்டின் கால்பந்து லீக்கை இன்னொரு நாட்டு அணி ஜெயிக்க முடியுமா? கேள்வியே தப்பு என்று தோன்றும். ஆனால் 2008 மே மாதம் சுவிட்சர்லாந்தின் இரண்டாம் நிலை லீக்கில் இதுதான் நடந்தது. 18 அணிகள், ஆளுக்கு 34 ஆட்டங்கள். முடிவில் பட்டியலின் உச்சியில் நின்ற அணி சுவிஸ் அணியே அல்ல. பக்கத்து நாடான லிக்டன்ஸ்டைனின் தலைநகரைச் சேர்ந்த எஃப்.சி. வடூஸ்.

நம்மில் பலருக்கு ஐரோப்பியக் கால்பந்து என்றால் மான்செஸ்டர் யுனைடெட், ரியல் மாட்ரிட், பார்சிலோனா. இரண்டாம் டிவிஷன் பக்கம் யாரும் எட்டிப் பார்ப்பதில்லை, அதிலும் சுவிஸ் இரண்டாம் டிவிஷன் என்றால் கேட்கவே வேண்டாம். ஆனாலும் இந்த ஒரு சீசனைக் கொஞ்சம் கூர்ந்து பார்த்தால், நாடு என்றால் என்ன, எல்லை என்றால் என்ன என்கிற கேள்விகள் எல்லாம் ஒரு புல்தரைக்குள் வந்து நிற்பது தெரியும்.

முதலில் அந்த நாடு

லிக்டன்ஸ்டைன் மொத்தமே 160 சதுர கிலோமீட்டர். ஒரு பக்கம் சுவிட்சர்லாந்து, மறுபக்கம் ஆஸ்திரியா. 2008-ல் மக்கள் தொகை சுமார் 35,000. பெரிய ஸ்டேடியங்களில் ஒரே ஆட்டத்துக்கு இதைவிட அதிகமான கூட்டம் வரும்! 1868-ல் ராணுவத்தைக் கலைத்துவிட்டார்கள். 1923-ல் சுவிட்சர்லாந்தோடு சுங்க ஒப்பந்தம் போட்டார்கள். புழங்கும் பணமும் சுவிஸ் ஃபிராங்க்தான்.

இரண்டு நாட்டுக்கும் நடுவே ஓடுவது ரைன் நதி. எல்லை எவ்வளவு சாதுவானது என்பதற்கு ஒரு உதாரணம். 2007 மார்ச் 1-ஆம் தேதி இரவுப் பயிற்சியில் இருந்த சுமார் 170 சுவிஸ் வீரர்கள் வழி தவறி லிக்டன்ஸ்டைனுக்குள் நடந்து போய்விட்டார்கள். தவறு புரிந்ததும் திரும்பி வந்தார்கள். உலகத்தின் வேறு பகுதிகளில் இது போருக்கே காரணமாகியிருக்கும். இங்கே சிரிப்பாகச் சிரித்தார்கள், அவ்வளவுதான்.

இப்படிப்பட்ட நாட்டில் மொத்தம் ஏழே கால்பந்து கிளப்புகள். ஏழை வைத்து லீக் நடத்தினால் அதே முகங்களை அடிக்கடி பார்க்க வேண்டியதுதான். 1930-களில் சில ஆண்டுகள் சொந்தமாக ஒரு சாம்பியன்ஷிப் நடத்திப் பார்த்தார்கள், நிலைக்கவில்லை. வடூஸ் கிளப் 1932-ல் தொடங்கப்பட்டது. முதல் சீசனை ஆஸ்திரியாவின் ஃபோரார்ல்பெர்க் மாநிலத்தில் ஆடிவிட்டு, அடுத்த ஆண்டே சுவிஸ் பக்கம் வந்துவிட்டார்கள். அன்றிலிருந்து லிக்டன்ஸ்டைன் கிளப்புகளுக்கு சுவிஸ் லீக்குகளே வீடு. சரியாகச் சொன்னால், வாடகை வீடு.

வாடகை வீட்டின் நிபந்தனைகள்

கதையின் முடிச்சு இங்கேதான் இருக்கிறது. மொனாக்கோவும் குட்டி நாடுதான், அந்த ஊர் அணி பிரான்ஸ் லீக்கில் ஆடுகிறது. ஆனால் மொனாக்கோ பிரெஞ்சு லீக்கை ஜெயித்தால் பிரான்ஸ் சார்பில் ஐரோப்பியக் கோப்பைக்குப் போகலாம். வடூஸுக்கு அது கிடையாது. சுவிஸ் லீக்கில் எந்த இடத்தில் முடித்தாலும் அந்த இடத்தை வைத்து ஐரோப்பியப் போட்டிக்குள் நுழைய முடியாது. சுவிஸ் கோப்பையிலும் லிக்டன்ஸ்டைன் கிளப்புகள் ஆடுவதில்லை.

அவர்களுக்கென்று தனியாக லிக்டன்ஸ்டைன் கோப்பை இருக்கிறது. அதை ஜெயிப்பவர்தான் நாட்டின் சார்பில் ஐரோப்பியப் போட்டிக்குப் போவார். வடூஸ் அந்தக் கோப்பையை 1998 முதல் 2011 வரை ஒரு ஆண்டுகூட விடாமல் ஜெயித்தது. 1996-ல் கப் வின்னர்ஸ் கோப்பையில் ஒரு லாட்விய அணியைத் தாண்டி, பாரிஸ் செயின்ட் ஜெர்மைனோடு மோதும் வாய்ப்புகூடக் கிடைத்தது. (இரண்டு ஆட்டமும் தோல்வி. வேறென்ன எதிர்பார்க்க முடியும்?)

ஆக, வடூஸுக்கு ஐரோப்பா போக சுவிஸ் லீக் தேவையே இல்லை. உள்ளூரில் சில நாக்-அவுட் ஆட்டங்களை ஜெயித்தால் போதும். அப்படியானால் ஏன் ஜூலை வெயிலிலும் டிசம்பர் குளிரிலும் பஸ் பிடித்து ஊர் ஊராகப் போய் 34 ஆட்டங்கள் ஆட வேண்டும்? இந்தக் கேள்வியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், கடைசியில் வருவோம்.

விழுந்தவர்களின் லீக்

2007-08 சேலஞ்ச் லீக்கில் வடூஸோடு ஆடியவர்கள் சாதாரண ஆட்கள் இல்லை. ஜெனீவாவின் செர்வெட் 17 முறை சுவிஸ் சாம்பியன். லொசான் 7 முறை. லா ஷோ-த-ஃபோன், லுகானோ, வின்டர்தூர் தலா 3 முறை. பெலின்சோனா 1948-ல் ஒரு முறை. கூட்டிப் பார்த்தால் 34 சாம்பியன் பட்டங்கள் இரண்டாம் டிவிஷனில் கிடந்தன!

எப்படி இங்கே வந்தார்கள்? இவர்களில் மூன்று பேரின் கதையில் பெரிய பங்கு பணத்துக்கு. லொசானும் லுகானோவும் 2003-ல் திவாலாயின. செர்வெட் 2005 பிப்ரவரியில் திவாலாகி, மூன்றாம் நிலைக்குத் தள்ளப்பட்டு, 2006-ல் ஏறி வந்தது. அதுவும் எப்படி? 30,000 பேர் உட்காரும் புத்தம்புது ஸ்டேடியத்தில் மூன்றாம் டிவிஷன் ஆட்டங்களை ஆடிவிட்டு. சுவிஸ் என்றால் வங்கி என்று நினைக்கிறோம், அங்கே கால்பந்து கிளப்புகள் இப்படி வரிசையாகத் திவாலானது வேடிக்கைதான்.

மேலே போகும் வழியும் குறுகல். அப்போது சூப்பர் லீக்கில் மொத்தமே 10 இடங்கள். சேலஞ்ச் லீக்கில் முதலிடம் பிடித்தால் நேராகப் போகலாம். இரண்டாம் இடம் பிடித்தால், சூப்பர் லீக்கின் ஒன்பதாவது அணியோடு இரண்டு ஆட்டங்கள் ஆடி ஜெயிக்க வேண்டும். மற்ற 16 பேருக்கும் ஒன்றும் கிடையாது.

இந்த இரண்டாம் இட ஆட்டத்தின் வலி வடூஸுக்கு நன்றாகத் தெரியும். 2001-ல் தான் இந்த டிவிஷனுக்கே ஏறியிருந்தார்கள். 2004-ல் நொஷாத்தெல் ஸமாக்ஸிடம் தோற்றார்கள். 2005-ல் ஷாஃப்ஹவுசனிடம் தோற்றார்கள். இரண்டு முறை கதவு வரை போய்த் திரும்பியவர்கள்.

அந்த சீசன்

வடூஸின் பயிற்சியாளர் ஹைன்ஸ் ஹெர்மன். சுவிட்சர்லாந்துக்காக 118 ஆட்டங்கள் ஆடியவர். 2023-ல் கிரானிட் ஜாக்கா தாண்டும் வரை அதுதான் சுவிஸ் சாதனை. அதாவது, சுவிஸ் சட்டையை அதுவரை அதிக முறை அணிந்த மனிதர், சுவிஸ் லீக்கை ஜெயிக்க ஒரு வெளிநாட்டு அணிக்குச் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தார். முன்வரிசையில் கோல்களைக் குவித்தவர் பிரேசில்காரர் காஸ்பர். 35,000 பேர் உள்ள நாட்டில் பதினொரு பேரையும் உள்ளூரிலேயே தேற்ற முடியாது என்பது புரிந்துகொள்ளக்கூடியதுதான்.

போட்டிக்கு நின்றது பெலின்சோனா. இத்தாலிய மொழி பேசும் டிச்சினோ மாநிலத்தின் தலைநகர் அணி. பயிற்சியாளர் விளாதிமிர் பெட்கோவிச். ஆம், பிற்காலத்தில் சுவிஸ் தேசிய அணிக்குப் பொறுப்பேற்று, 2021-ல் நடந்த யூரோவில் உலக சாம்பியன் ஃபிரான்ஸை வெளியேற்றிய அதே பெட்கோவிச். அந்த சீசனில் பெலின்சோனா சுவிஸ் கோப்பையின் இறுதி ஆட்டம் வரை போனது. 2008 ஏப்ரல் 6 அன்று பாசெலிடம் 4-1 என்று தோற்றது.

சீசனின் நடுவே, 2008 பிப்ரவரியில், லிக்டன்ஸ்டைன் பெயர் உலகப் பத்திரிகைகளில் எல்லாம் வந்தது. காரணம் கால்பந்து அல்ல. அந்நாட்டு வங்கி ஒன்றிலிருந்து கசிந்த கணக்கு விவரங்களை ஜெர்மனியின் உளவுத்துறை பணம் கொடுத்து வாங்கியிருந்தது. அதை வைத்து வரி ஏய்ப்பு விசாரணை தொடங்கி, ஜெர்மன் தபால் நிறுவனத்தின் தலைவர் க்ளாவுஸ் ட்சும்விங்கல் பதவி விலகினார். பணத்தைப் பதுக்கும் இடம் என்று உலகம் ஒரு நாட்டைத் திட்டிக்கொண்டிருந்த அதே மாதங்களில், அந்த நாட்டின் கிளப் ரைன் கரையில் உள்ள தன் சின்ன ஸ்டேடியத்தில் புள்ளிகளைச் சேர்த்துக்கொண்டிருந்தது.

மே மாதம் கணக்கு முடிந்தபோது வடூஸ் முதலிடம், பெலின்சோனா இரண்டாமிடம். லிக்டன்ஸ்டைன் கிளப் ஒன்று சுவிஸ் உச்ச டிவிஷனுக்கு ஏறியது அதுவே முதல் முறை.

யாருடைய இடம்?

பெலின்சோனா அந்த இரண்டாம் இட ஆட்டத்தில் செயின்ட் காலனைச் சந்தித்தது. 1879-ல் தொடங்கிய செயின்ட் காலன், சுவிட்சர்லாந்தின் மிகப் பழைய கிளப். 2000-ல் சாம்பியனும்கூட. சொந்த ஊரில் 3-2, வெளியூரில் 2-0 என்று இரண்டையும் பெலின்சோனா ஜெயித்தது. செயின்ட் காலனின் பழைய மைதானமான எஸ்பென்மூஸில் நடந்த கடைசி லீக் காலத்து ஆட்டம் அது. ரசிகர்கள் கோபத்தில் ஆடுகளத்துக்குள் புகுந்து பெரிய ரகளை ஆனது. புது ஸ்டேடியம் தயாராகிக்கொண்டிருந்தது, அதை இரண்டாம் டிவிஷனில்தான் திறக்க வேண்டியதாயிற்று.

இப்போது வரைபடத்தைப் பாருங்கள். வடூஸ் ஸ்டேடியத்திலிருந்து ரைனைத் தாண்டினால் அக்கரை செயின்ட் காலன் மாநிலம். அங்கே போக பழைய மரப்பாலம்கூட ஒன்று உண்டு. 2008-09 சீசனில், அந்தக் கரையில் இருக்கும் சுவிஸ்காரர் தன் பக்கத்தில் சூப்பர் லீக் ஆட்டம் பார்க்க வேண்டுமென்றால் பாலத்தைத் தாண்டி வெளிநாட்டுக்குப் போக வேண்டும்! அவருடைய மாநிலத்தின் அணி கீழே. அண்டை நாட்டின் அணி மேலே.

ஒரு சுவிஸ் ரசிகரின் பார்வையில் யோசித்தால் இதில் ஒரு நியாயமான கேள்வி இருக்கிறது. அப்போது இருந்தது பத்து இடம். நூறு ஆண்டு பழமையான சுவிஸ் கிளப்புகள் கீழே காத்திருக்கும்போது, அதில் ஒன்றை விருந்தாளிக்குக் கொடுக்கலாமா? ஜெயித்தாலும் ஐரோப்பா போக முடியாத அணிக்கு அந்த இடம் எதற்கு?

எனக்குத் தோன்றும் பதில் இது. வடூஸ் 1933-லிருந்து அந்த லீக்குகளில் ஆடுகிறது. பெரிய அணிகளைத் திவாலாக்கியதும் கீழே தள்ளியதும் வடூஸ் அல்ல. 34 ஆட்டங்களில் எல்லோரும் அவர்களைத் தோற்கடிக்க வாய்ப்பு இருந்தது. லீக் என்பது பாஸ்போர்ட்டைப் பார்த்து இடம் கொடுத்தால் அது லீக் அல்ல, குடியுரிமை அலுவலகம். உள்ளே விட்டபிறகு, விருந்தாளிக்கு மட்டும் மாடிப்படியை மூடுவது முறையாகாது.

முன்பு மனதில் வைத்துக்கொள்ளச் சொன்ன கேள்விக்கும் இதுதான் பதில். ஐரோப்பிய வாய்ப்பு வடூஸுக்கு உள்ளூர்க் கோப்பையிலேயே கிடைத்துவிடும். ஆனால் தன்னைவிடப் பலவீனமான அணிகளை ஜெயித்துக் கிடைக்கும் வாய்ப்பு அது. தான் எவ்வளவு நல்ல அணி என்று தெரிந்துகொள்ள வேண்டுமென்றால், தன்னைத் தோற்கடிக்கக்கூடியவர்களோடு வாராவாரம் ஆட வேண்டும். அதற்கு சுவிஸ் லீக் தேவைப்பட்டது.

பிறகு என்ன ஆனது?

பெலின்சோனாவுக்கும் ஐரோப்பா கிடைத்தது. பாசெல் லீக்கையும் கோப்பையையும் இரண்டையுமே ஜெயித்துவிட்டதால், கோப்பை இறுதியில் தோற்றவர் என்ற முறையில் பெலின்சோனா 2008-09 யுஏஃபா கோப்பைக்குப் போனது, துருக்கியின் கலத்தாசராயிடம் தோற்று வெளியேறியது.

வடூஸின் சூப்பர் லீக் வாழ்க்கை ஒரே சீசன். நடுவில் ஹெர்மன் போய், 1990-ல் உலகக் கோப்பை ஜெயித்த ஜெர்மன் அணியின் வீரர் பியர் லிட்பார்ஸ்கி பயிற்சியாளராக வந்தார். ஆனாலும் 2009-ல் கடைசி இடம், மீண்டும் கீழே. அதே ஆண்டு சேலஞ்ச் லீக்கை ஜெயித்து மேலே போனது யார் தெரியுமா? செயின்ட் காலன். ஆற்றின் இரு கரையும் இடம் மாற்றிக்கொண்டன.

வடூஸ் 2014-ல் மறுபடி ஏறி மூன்று சீசன் தாக்குப்பிடித்தது. 2020-ல் துன் அணியைத் தோற்கடித்து இன்னொரு முறை ஏறி, 2021-ல் இறங்கியது. 2022-ல், இரண்டாம் டிவிஷனில் இருந்துகொண்டே, துருக்கியின் கோன்யாஸ்போரையும் ஆஸ்திரியாவின் ராப்பிட் வியன்னாவையும் தாண்டி கான்ஃபரன்ஸ் லீக்கின் குரூப் சுற்றுக்குப் போனது. லிக்டன்ஸ்டைன் அணி ஒன்று ஐரோப்பியப் போட்டியில் அந்தக் கட்டத்தை எட்டியது அதுவே முதல் தடவை. நுழைந்தது என்னவோ உள்ளூர்க் கோப்பை வழியாகத்தான். ஆனால் கோன்யாஸ்போரையும் ராப்பிட்டையும் சமாளிக்கும் பலம் லிக்டன்ஸ்டைனின் மற்ற ஆறு கிளப்புகளோடு மட்டும் ஆடி வந்திருக்குமா? வின்டர்தூரிலும் லொசானிலும் தோற்றும் ஜெயித்தும் கற்ற பாடம் அது என்றுதான் நான் நினைக்கிறேன்.

நீங்கள் அந்தப் பத்து இடங்களைப் பங்கிடும் பொறுப்பில் இருந்தால், வடூஸுக்கு ஒன்றைக் கொடுப்பீர்களா? செயின்ட் காலன்காரராக இருந்து யோசித்துப் பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.