பாலம் அறுந்த மூளை

எங்கள் தோட்டப் பள்ளியில் ஐந்தாம் ஆண்டு பயிலும் மாணவி ஒருத்தி, பின்னக் கணக்கைப் பாதியில் நிறுத்திவிட்டுப் புத்தகத்தை மூடி வைத்தாள். காரணம் கேட்டேன். "எனக்கு வலது மூளை ஐயா. கணக்கு வராது" என்றாள். சிறிதும் தயக்கமின்றி, ஊர் பேர் சொல்வது போலச் சொன்னாள்.

விசாரித்ததில் விவரம் தெரிந்தது. ஆசிரியர் பயிலரங்கு ஒன்றில் யாரோ ஒருவர் வழங்கிய வினாத்தாளைக் கொண்டு, எங்கள் இளம் ஆசிரியை ஒருவர் வகுப்பையே இரு கூறாக்கியிருக்கிறார். பெயர்ப் பட்டியலில் சிலருக்கு எதிரே 'இ', சிலருக்கு எதிரே 'வ'. இடது மூளைக்காரர் கணக்கும் மொழியும் கற்பர், வலது மூளைக்காரர் படம் வரைவர், பாடுவர் என்பது அதன் சித்தாந்தம். அவரைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. பல ஆண்டுகளுக்கு முன் பயிற்சிக் கல்லூரியில் இதே பாடத்தை நானும் குறிப்பேட்டில் எழுதிக்கொண்டு, பிறகு பிறருக்கும் சொல்லிக்கொடுத்தவன்தான். இந்தக் கதை எங்கிருந்து வந்தது என்று தேடிப் படிக்கத் தூண்டியவள் அந்தச் சிறுமியே. படித்ததை நம் ஆசிரிய அன்பர்களுக்கும் சொல்லலாம் என்று இதனை எழுதுகிறேன்.

மூளை இரண்டு அரைக்கோளங்களால் ஆனது. உடலின் வலப்பக்கத்தை இடது கோளமும், இடப்பக்கத்தை வலது கோளமும் ஆள்கின்றன. பார்வையும் அவ்வாறே: நேரே ஒரு புள்ளியை நோக்கும்போது அதற்கு இடப்புறம் தோன்றுவன யாவும் வலது கோளத்தையும், வலப்புறம் தோன்றுவன யாவும் இடது கோளத்தையும் சென்றடையும். பேச்சு, பெரும்பாலாரிடம், இடது கோளத்தின் தொழில். இவ்விரண்டையும் நடுவில் பிணைப்பது ஏறத்தாழ 10 சென்டிமீட்டர் நீளமுள்ள ஒரு நரம்புக் கற்றை. அதில் சுமார் 20 கோடி நரம்பிழைகள் ஓடுகின்றன. மருத்துவர்கள் அதனைக் கார்ப்பஸ் கலோசம் என்பர். நாம் நார்ப்பாலம் என்று சொல்லிக்கொள்வோம்.

அந்தப் பாலத்தை வெட்டினால் மனம் இரண்டாகுமா? கத்தி எடுப்பதற்கு வெகுகாலம் முன்பே இக்கேள்வியை எழுப்பிவிட்டார்கள். 1860-இல் ஜெர்மானிய அறிஞர் பெக்னர், அவ்வாறு வெட்ட இயலுமானால் ஓர் உடலில் இரண்டு உணர்வுகள் தோன்றும் என்று கருதினார். ஆங்கிலேய உளவியலாளர் வில்லியம் மக்டூகல் இதனை ஏற்கவில்லை. தமக்குத் தீராத நோய் வந்தால் தம் நார்ப்பாலத்தையே அறுத்துப் பார்க்கும்படி நண்பர் செரிங்டனிடம் சொல்லி வைத்தாராம். மனம் ஒன்றாகவே நிற்கும் என்பதில் அவருக்கு அத்துணை நம்பிக்கை. இந்த மக்டூகல் நமக்கு முற்றிலும் அந்நியர் அல்லர். சரவாக்கில் வந்து தங்கி, சார்லஸ் ஹோஸ் என்பவருடன் சேர்ந்து போர்னியோ மக்களைப் பற்றிய பெருநூலை 1912-இல் வெளியிட்டவர் அவரே.

வாதமாக இருந்ததை வைத்தியமாக்கியது காக்காய் வலிப்பு. நான் சிறுவனாக இருந்தபோது எங்கள் லயத்தில் ஒரு பையனுக்கு அந்நோய் உண்டு. பால் மரக்காட்டிலோ, குழாயடியிலோ விழுந்துவிடுவான். பெண்கள் இரும்புச் சாவியைக் கொண்டு ஓடிவந்து அவன் உள்ளங்கையில் திணிப்பார்கள். (சாவியால் பயனில்லை. விழுந்தவரைப் பக்கவாட்டில் சாய்த்துக் கிடத்த வேண்டும். வாயில் எதனையும் வைத்தல் ஆகாது. ஆசிரியர்கள் இதனை அவசியம் அறிந்திருக்க வேண்டும்.) வலிப்பு என்பது மூளையில் கட்டுக்கடங்காமல் பரவும் மின்கிளர்ச்சி. அது ஒரு கோளத்திலிருந்து மற்றதற்கு நார்ப்பாலத்தின் வழியே தாவுகிறது. பாலத்தை அறுத்துவிட்டால் தீ மறுகரைக்குச் செல்லாது அல்லவா?

இவ்வெண்ணத்துடன் அமெரிக்காவின் ராச்செஸ்டர் நகரில் வான் வாகெனன், ஏர்ரன் என்னும் மருத்துவர்கள் பத்து நோயாளிகளுக்குச் செய்த அறுவைச் சிகிச்சையை 1940-இல் எழுதி வெளியிட்டனர். அகிலைடிஸ் என்பவர் அந்நோயாளிகளைச் சோதித்துப் பார்த்தார். பெரிய மாறுதல் எதனையும் அவர் காணவில்லை. நடந்தார்கள், பேசினார்கள், பழைய மனிதர்களாகவே இருந்தார்கள். கோடிக்கணக்கான இழைகளை அறுத்தும் ஒன்றும் நிகழவில்லையெனின் அப்பாலம் எதற்கு? இரு கோளங்களும் தொய்ந்து விழாமல் தாங்குவதற்காக இருக்கலாம் என்று லாஷ்லி என்னும் அறிஞர் வேடிக்கையாகச் சொன்னாராம்.

பிழை நோயாளியிடம் இல்லை, கேட்ட முறையில் இருந்தது. தேர்வுத் தாள் தயாரித்த அனுபவமுள்ள எந்த ஆசிரியருக்கும் இது விளங்கும். இரு கண்களும் திறந்திருக்க, தலையும் விழியும் தாராளமாக அசைய, ஒரு கோளம் கண்டதை மற்றதும் கண்டுவிடும். ஒன்றுக்கு மட்டும் செய்தி சென்றால்தானே பிளவு வெளிப்படும்? அந்த வழியைக் கண்டவர்கள் ரோஜர் ஸ்பெரியும் அவர் மாணவர் ரொனால்டு மையர்சும். 1950-களில் அவர்கள் பூனைகளைக் கொண்டு ஆராய்ந்தார்கள். பார்வை நரம்புகள் குறுக்கிடும் இடத்தையும் நார்ப்பாலத்தையும் அறுத்த பின், ஒரு கண்ணை மறைத்துப் பூனைக்குப் பாடம் கற்பித்தார்கள். கண்ணை மாற்றிச் சோதித்தபோது, அப்பாடத்தைக் கேட்டே அறியாத பூனைபோல் அது விழித்தது.

மனிதரிடம் அதனைக் காணும் வாய்ப்பு 1962-இல் வந்தது. டபிள்யூ. ஜே. என்ற எழுத்துகளால் மட்டுமே மருத்துவ உலகம் அறிந்த 48 வயது நோயாளி அவர். இரண்டாம் உலகப் போரில் பாராசூட் படைவீரராகக் குதித்தவர். ஜெர்மன் துப்பாக்கிக் கட்டையால் தலையில் அடிபட்டு, அதன்பின் ஓயாத வலிப்புக்கு ஆளானவர். லாஸ் ஏஞ்சல்ஸில் பிலிப் வோகல், ஜோசப் போகன் என்னும் மருத்துவர்கள் அவருடைய பாலத்தை அறுத்தனர். வலிப்பு பெருமளவு அடங்கியது. ஸ்பெரியின் மாணவரான மைக்கேல் கசானிகா அவரைச் சோதித்தார்.

சோதனை எளிது. திரையின் நடுவே ஒரு புள்ளி. அதனையே நோக்கியிருக்க வேண்டும். கண் நகர்வதற்குள், நொடியின் சிறு பகுதியில், ஒரு பக்கத்தில் படமோ சொல்லோ தோன்றி மறையும். வலப்பக்கம் தோன்றியதை அவர் உடனே பெயர் சொன்னார். இடப்பக்கம் தோன்றியபோது ஒன்றும் காணவில்லை என்றார். ஆனால் அவர் அவ்வாறு சொல்லிக்கொண்டிருக்கையிலேயே இடக்கை விசையை அழுத்திக் கண்டதை ஒப்புக்கொண்டது! பேசத் தெரிந்த கோளம் காணவில்லை. கண்ட கோளத்துக்கு வாயில்லை. வண்ணக் கட்டைகளை மாதிரிப்படி அடுக்கச் சொன்னபோது இடக்கை செவ்வனே அடுக்கியது, வலக்கை தடுமாறியது. தடுமாறும் கைக்கு உதவ இடக்கை தானாக முன்வந்து, இரண்டும் ஒன்றையொன்று தள்ளிக்கொண்ட காட்சியைப் படமாகவே எடுத்து வைத்தார்கள். இவ்வாராய்ச்சிகளுக்காக ஸ்பெரிக்கு 1981-இல் நோபெல் பரிசின் ஒரு பாதி கிடைத்தது.

என்னை மிகவும் நிறுத்தி யோசிக்க வைத்தது இதற்குப் பின் வந்த ஒரு சோதனை. 1970-களில் கசானிகாவும் ஜோசப் லெடூவும் பி. எஸ். எனப்பட்ட பதின்ம வயதுப் பையனை ஆராய்ந்தார்கள். பெரியவனானால் என்னவாக விரும்புகிறாய் என்று கேட்டதற்கு, வாய் வரைபடக் கலைஞன் என்றது. அதே வினாவை வலது கோளத்துக்கு மட்டும் காட்டியபோது, இடக்கை எழுத்துக் கட்டைகளைப் பொறுக்கி, மோட்டார் பந்தயம் என்று அடுக்கியது. நம் பள்ளிகளில் ஆண்டுதோறும் 'என் இலட்சியம்' என்று கட்டுரை எழுதச் சொல்கிறோம். அதற்கு விடை எழுதுபவர் யார் என்று நான் அதற்கு முன் நினைத்ததில்லை.

அதே பையனுக்கு இன்னொரு சோதனை. இடது கோளத்துக்குக் கோழிக்கால் படம். வலது கோளத்துக்குப் பனி மூடிய வீடு. பொருத்தமான அட்டைகளை எடு என்றார்கள். வலக்கை கோழியைக் காட்டியது. இடக்கை மண்வாரியைக் காட்டியது. பனியை அள்ள மண்வாரிதானே வேண்டும்? ஏன் இவற்றை எடுத்தாய் என்று கேட்டார்கள். பேசும் கோளம் பனியைக் காணவே இல்லை. 'தெரியவில்லை' என்பதே நேர்மையான விடை. அவனோ சற்றும் தயங்காமல், கோழிக்காலுக்குக் கோழி, கோழிக் கூட்டைச் சுத்தம் செய்ய மண்வாரி என்று விளக்கம் தந்தான். பொய் சொல்ல வேண்டும் என்ற எண்ணம் அவனிடம் இல்லை. தான் செய்ததற்குத் தானே ஒரு காரணத்தைப் புனைந்து, அதனைத் தானே நம்பினான். இத்தொழிலைச் செய்யும் இடது கோளத்தின் பகுதிக்கு 'விளக்கம் சொல்வோன்' என்று கசானிகா பெயரிட்டார்.

முப்பது ஆண்டுகளாக நான் பிள்ளைகளை நிறுத்தி வைத்து, "ஏன் அடித்தாய்? ஏன் கிழித்தாய்?" என்று கேட்டு வந்திருக்கிறேன். கிடைத்த காரணங்களை ஏற்றும் மறுத்தும் தண்டனை கொடுத்திருக்கிறேன். பாலம் அறுபடாத மூளையும் இவ்வாறு காரணம் புனையும் என்று கசானிகா கருதுகிறார். அந்தப் பழைய விசாரணைகளை இப்போது நினைத்தால் கூச்சமாக இருக்கிறது.

இவ்வாராய்ச்சியில் நம்மவர் ஒருவருக்கும் பங்குண்டு. 1951-இல் தமிழ்நாட்டில் பிறந்து, சென்னை ஸ்டான்லி மருத்துவக் கல்லூரியில் பயின்று, கேம்பிரிட்ஜ் சென்று, பின் கலிபோர்னியாவின் சான்டியாகோவில் பேராசிரியரானவர் வி. எஸ். இராமச்சந்திரன். இந்திய அரசியலமைப்பை வரைந்த குழுவில் இருந்த அல்லாடி கிருஷ்ணசுவாமி ஐயரின் பேரர். வலது கோளம் பழுதுற்று இடக்கை முடங்கியவர்களுள் சிலர், கை நன்றாக இருக்கிறது என்றே சாதிப்பர். இதனை ஆராய்ந்த அவர், இடது கோளம் கதையைக் குலையாமல் காக்கப் பார்க்கிறது, கதை பொருந்தாதபோது எச்சரிப்பது வலது கோளம் என்று கருதினார். பாலம் அறுந்த ஒருவரின் வலது கோளத்துக்குச் சுட்டிக்காட்டி விடை சொல்லப் பழக்கி, கடவுளை நம்புகிறாயா என்று கேட்டதாகவும் 2006-இல் ஓர் அவையில் கூறினார். வலது கோளம் ஆம் என்றதாம். இடது கோளம் இல்லை என்றதாம். அவர் இறந்தால் ஒரு பாதி சொர்க்கத்துக்கும் மறுபாதி நரகத்துக்கும் போகுமோ என்று அவர் கேட்டபோது அவை சிரித்தது. என் தாயாரிடம் இதைச் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை.

ஆக, மருத்துவம் கண்டது கடும் வலிப்பால் அவதியுற்ற சிலரிடம், பாலம் அறுந்த பின், நுட்பமான சோதனையில் மட்டுமே வெளிப்பட்டதோர் உண்மை. அதிலிருந்து வகுப்பறைப் பட்டியல் எவ்வாறு பிறந்தது? 1970-களில் அமெரிக்கப் பத்திரிகைகள் இடது மூளை மனிதர், வலது மூளை மனிதர் என எழுதத் தொடங்கின. வலது மூளையால் ஓவியம் வரையக் கற்பிக்கும் பெட்டி எட்வர்ட்சின் நூல் 1979-இல் வெளிவந்து ஏராளமாக விற்றது. பயிற்சி வகுப்புகளும் வினாத்தாள்களும் பின்தொடர்ந்தன. இந்த எண்ணம் எளிதில் கட்டறுத்து ஓடக்கூடியது என்று ஸ்பெரியே எச்சரித்தார், கேட்டவர் குறைவு. 2013-இல் அமெரிக்காவின் யூட்டா பல்கலைக்கழகத்தார் ஆயிரத்துக்கு மேற்பட்டோரின் மூளைப் படங்களை ஆராய்ந்தனர். மொழி முதலிய சில தொழில்கள் ஒரு பக்கம் சாய்ந்திருப்பது உண்மை. ஆயினும் ஒரு மனிதரின் மூளை முழுவதும் இடப்பக்கமாகவோ வலப்பக்கமாகவோ ஓங்கியிருக்கும் என்பதற்குச் சான்று கிட்டவில்லை.

பாலம் அறுந்தவர்களிடத்தும் வழக்கு முடியவில்லை. 2017-இல் ஆம்ஸ்டர்டாம் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த யாயிர் பின்டோ குழுவினர் அத்தகைய இருவரைச் சோதித்தனர். இரு பக்கக் காட்சிகளையும் ஒப்பிட்டுப் பார்க்க அவர்களால் இயலவில்லை. ஆனால் எப்பக்கம் எது தோன்றினாலும், தோன்றியதை எந்தக் கையாலும், வாயாலும்கூட அவர்களால் தெரிவிக்க முடிந்தது. பார்வை பிளந்திருக்கிறது, பார்ப்பவர் ஒருவரே என்பது அக்குழுவின் முடிவு. மக்டூகல் இருந்திருந்தால் மகிழ்ந்திருப்பார்.

எங்கள் ஆசிரியை இவற்றையெல்லாம் பொறுமையாகக் கேட்டு, பட்டியலிலிருந்த எழுத்துகளை அவரே அடித்துவிட்டார். அந்தச் சிறுமியை அழைத்து, வலது மூளை, இடது மூளை என்று பிள்ளைகளைப் பிரிப்பது தவறு, உனக்கு இரண்டுமே வேலை செய்கின்றன என்றேன். அவள் என்னை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "அப்போ எனக்கு ஏன் ஐயா கணக்கு வரலே?" என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை என்று சொன்னேன். மூன்றாம் ஆண்டுப் பாடநூலை எடுத்துவரச் சொல்லி, அரை, கால் என்று மீண்டும் தொடங்கியிருக்கிறோம்.