கஞ்சமலை இரும்பும் பிரிட்டானியா பாலமும்

மேற்கத்தியக் கட்டடக்கலை வரலாறு என்றதும் கிரேக்கத் தூண்கள், ரோமானிய வளைவுகள், வானத்தைத் தொடும் கோதிக் தேவாலயங்கள், மறுமலர்ச்சிக் காலத்துக் குவிமாடங்கள் என்று ஒரு வரிசை நினைவுக்கு வரும். அது முழுக்க முழுக்கக் கல்லின் கதை. இரும்பு அதற்குள் தாமதமாகத்தான் வருகிறது. 1779ல் இங்கிலாந்தின் கோல்புரூக்டேலில் செவர்ன் நதியின் மேல் ஒரு வார்ப்பிரும்புப் பாலம் எழும்புகிறது. அதற்குப் பின் வந்த நூற்றிப்பத்து வருடத்தில் பாரிசில் ஈஃபில் கோபுரமே நிற்கிறது! இவ்வளவு வேகமான மாற்றத்தைக் கல் இரண்டாயிரம் வருடத்தில்கூடப் பார்த்ததில்லை.

இந்த இரும்புக் கதையில் சேலத்துக்கும் ஒரு பங்கு உண்டு. சின்னப் பங்குதான். ஆனால் சேலம், நாமக்கல் பக்கத்துக்காரர்களிலேயே பலருக்கு அது தெரியாது.

சேலத்துக்கு மேற்கே, இளம்பிள்ளை போகும் வழியில் இருக்கிறது கஞ்சமலை. அமாவாசைக்குச் சித்தர் கோயிலுக்குப் போகிறவர்களுக்கு நன்றாகத் தெரிந்த மலை. அந்த மலையில் காந்தத் தன்மை கொண்ட இரும்புத் தாது பட்டை பட்டையாகப் படிந்து கிடக்கிறது. கொல்லிமலை, கோதுமலை, தீர்த்தமலைப் பக்கங்களிலும் அதே வகைத் தாது உண்டு. பழைய காலத்தில் யாரும் மலையை வெட்டித் தோண்டவில்லை. மழையில் உதிர்ந்து அடிவாரத்தில் சேர்ந்த சரளையையும், ஓடைகளில் ஒதுங்கிய கருமணலையும் அள்ளினார்கள். ஆளுயரம்கூட இல்லாத களிமண் உலை, ஆட்டுத்தோல் துருத்தி, மூட்டை மூட்டையாக மரக்கரி... அவ்வளவுதான் மூலதனம். கிடைத்த இரும்பைத் துண்டு துண்டாக்கி, ஆவாரங் குச்சியோடும் எருக்கிலையோடும் சேர்த்து மண் மூசையில் அடைத்து, வாயைப் பூசி மூடி, உலையில் சில மணி நேரம் ஊதினால் எஃகு. ஐரோப்பியர்கள் 'வூட்ஸ்' என்று எழுதிவைத்த எஃகு இதுதான். ஆவாரையும் எருக்கும் ஏன்? அவை கரியாகி, அந்தக் கரி இரும்போடு கலந்து அதை எஃகாக்குகிறது. வேதியியல் பெயர் தெரியாமலேயே வேதியியலை நடத்திக்கொண்டிருந்திருக்கிறார்கள்.

இந்த வேலையை உட்கார்ந்து பார்த்து விவரமாக எழுதிவைத்த வெள்ளைக்காரர் ஜோசையா மார்ஷல் ஹீத். கிழக்கிந்தியக் கம்பெனியின் மெட்ராஸ் சிவில் சர்வீசில் இருந்தவர். சேலத்தில் கம்பெனியின் வர்த்தகப் பிரதிநிதியாக வேலை பார்த்தவர். அவருக்கு ஒரு கணக்கு தோன்றியது. அன்று ஷெஃபீல்டு நகரத்து எஃகு வியாபாரிகள் நல்ல இரும்புக்கு சுவீடனைத்தான் நம்பியிருந்தார்கள். சுவீடன் இரும்பின் சிறப்பு மரக்கரியில் உருக்கியது என்பது. சேலத்து இரும்பும் மரக்கரியில் உருகுவதுதான், தாதுவும் அருமையானது. அப்படியென்றால் சுவீடன் இடத்தில் சேலம் ஏன் உட்காரக் கூடாது?

நல்ல சம்பளமுள்ள வேலையை விட்டுவிட்டு, கம்பெனி அரசிடம் தனியுரிமையும் கடனும் வாங்கி, 1830 வாக்கில் ஹீத் இரும்பாலையைத் தொடங்கினார். எங்கே? சேலத்தில் இல்லை. கடற்கரையில், பரங்கிப்பேட்டையில். அன்றைய பெயர் போர்ட்டோ நோவோ. தாது ஒரு மூலையில், ஆலை இன்னொரு மூலையில்! சேலத்துத் தாது பரிசல்களில் ஏறி காவிரி, கொள்ளிடம் வழியாகக் கடற்கரைக்கு மிதந்து போனது. ஆலையின் இடத்தைத் தாதுவை வைத்து முடிவு செய்வதா, சந்தையை வைத்து முடிவு செய்வதா என்பது காமர்ஸ் வகுப்பில் இன்றும் நடத்துகிற பாடம். ஹீத் கப்பலைப் பார்த்து முடிவு செய்தார். அவருடைய சந்தை தஞ்சாவூரிலோ மதுரையிலோ இல்லை, இங்கிலாந்தில் இருந்தது. 1833ல் அது போர்ட்டோ நோவோ இரும்பு எஃகுக் கம்பெனியாக மாறியது.

இனி காட்சி வேல்ஸுக்கு மாறுகிறது.

வேல்ஸின் வடமேற்கில் ஆங்கில்சி என்ற தீவையும் பெருநிலத்தையும் மெனாய் நீரிணை பிரிக்கிறது. லண்டனிலிருந்து அயர்லாந்து போகும் தபால் அந்த வழியில்தான் போக வேண்டும். அங்கே ரயில் பாலம் கட்டும் பொறுப்பு ராபர்ட் ஸ்டீஃபன்சனுக்கு வந்தது. ரயில் எஞ்சின் புகழ் ஜார்ஜ் ஸ்டீஃபன்சனின் மகன். வளைவுப் பாலம் கட்டலாம் என்றால் கடற்படை ஒப்புக்கொள்ளவில்லை. உயரமான பாய்மரக் கப்பல்கள் கீழே போக வேண்டும் என்றது. தொங்கு பாலம் ரயிலின் கனத்தில் ஊஞ்சலாடிவிடும். கடைசியில் அவர் பிடித்த யோசனை, அன்றைக்குப் பைத்தியக்காரத்தனமாகத் தோன்றியிருக்க வேண்டும்: தேனிரும்புத் தகடுகளை ஆணியடித்துச் சேர்த்து ஒரு பிரம்மாண்டமான சதுரக் குழாய் செய்வது, ரயிலை அந்தக் குழாய்க்குள்ளேயே ஓட்டுவது!

வில்லியம் ஃபேர்பேர்ன் என்ற இரும்பு வல்லுநர் மாதிரிக் குழாய்களைச் செய்து, உடையும் வரை பாரம் ஏற்றிச் சோதித்தார். கணக்கை ஈட்டன் ஹாட்ஜ்கின்சன் பார்த்துக்கொண்டார். ஒரு கட்டுமானத்தைக் கட்டுவதற்கு முன்பே இப்படிச் சோதனைச்சாலையில் உடைத்துப் பார்த்து வடிவம் முடிவு செய்வது அதுவரை பெரிய அளவில் நடந்திராத காரியம். நடு இடைவெளிகள் இரண்டும் 460 அடி. ஒவ்வொரு பெரிய குழாயும் சுமார் 1500 டன். கரையில் செய்து, ஏற்றத்தின்போது தோணிகளில் மிதக்கவிட்டு, நீரழுத்த எந்திரத்தால் மேலே தூக்கினார்கள். 1850 மார்ச்சில் பாலம் திறக்கப்பட்டது. நடுத்தூண் நிற்கும் பாறையின் பெயரால் அதற்குப் பிரிட்டானியா பாலம் என்று பெயர்.

இந்தப் பாலத்தில் போர்ட்டோ நோவோ இரும்பு பயன்பட்டது என்று கெசட்டியர்களும் இந்திய இரும்பு பற்றிய பழைய நூல்களும் சொல்கின்றன. சிலவற்றில் 'மெனாய் பாலத்திலும் பிரிட்டானியா பாலத்திலும்' என்று இரண்டு பெயர் இருக்கும். அங்கே கொஞ்சம் நிதானிக்க வேண்டும். டெல்ஃபோர்டு கட்டிய மெனாய் தொங்கு பாலம் திறந்தது 1826ல். பரங்கிப்பேட்டையில் உலை மூட்டியது அதற்குப் பிறகு. பிறக்காத இரும்பு பாலத்தில் எப்படி ஏறும்? மெனாய் நீரிணையின் மேல் உள்ள பிரிட்டானியா பாலம் என்பதுதான் யாரோ ஒருவர் கையில் இரண்டு பாலமாகப் பிரிந்து, பின்னால் வந்தவர்களெல்லாம் அப்படியே எடுத்து எழுதியிருக்க வேண்டும். அதேபோல 'பிரிட்டானியா பாலமே சேலத்து இரும்பால் கட்டியது' என்று மார் தட்டுவதும் அதிகம். பாலத்துக்குத் தேவைப்பட்டது ஆயிரக்கணக்கான டன். பரங்கிப்பேட்டை சிறிய ஆலை. அதன் உற்பத்தியும் பெரும்பாலும் ஷெஃபீல்டுக்குத்தான் போனது. பாலத்தின் பெரும்பகுதி பிரிட்டிஷ் இரும்புதான். அதில் ஒரு பங்கு கஞ்சமலையிலிருந்து புறப்பட்டது என்பதே போதுமான ஆச்சரியம்.

பாலத்தின் அழகு விஷயம் தனிக்கதை. குழாய் இஞ்சினியர்களுடையது; கல் கோபுரங்களுக்கு அழகு செய்யப் பிரான்சிஸ் தாம்சன் என்ற கட்டடக் கலைஞரை அமர்த்தினார்கள். அவர் எகிப்தியப் பாணியைத் தேர்ந்தெடுத்தார். இரு முனைகளிலும் ஜான் தாமஸ் செதுக்கிய நான்கு கல் சிங்கங்கள். கோபுரங்கள் குழாய்க்கு மேலேயும் வெகு உயரம் போகின்றன. எதற்கு? முதலில் சங்கிலிகளால் குழாயைத் தாங்குவதாகத் திட்டம். சங்கிலி தேவையில்லை என்று சோதனையில் தெரிந்துபோனது. ஆனால் சங்கிலிக்கான துவாரங்களோடு கோபுரங்கள் அப்படியே நின்றுவிட்டன.

உறுதி, பயன், அழகு என்று கட்டடத்துக்கு மூன்று இலக்கணம் சொன்னார் ரோமானிய ஆசிரியர் விட்ருவியஸ். இந்தப் பாலத்தில் மூன்றும் மூன்று ஆட்களிடம் பிரிந்து கிடந்தன. உறுதியும் பயனும் இரும்பின் பக்கம், அழகு கல்லின் பக்கம். பத்தொன்பதாம் நூற்றாண்டின் கட்டடக்கலைச் சண்டை முழுவதும் இதைப் பற்றித்தான். 1849ல், பாலம் முடியப்போகும் நேரத்தில், ஜான் ரஸ்கின் 'கட்டடக்கலையின் ஏழு விளக்குகள்' என்ற நூலை வெளியிட்டார். கற்களைப் பிணைக்கும் பசையாக இரும்பு இருக்கலாம், பாரம் தாங்கும் உறுப்பாக இருந்தால் அது உண்மையான கட்டடக்கலை ஆகாது என்பது அவர் கட்சி. இரண்டே வருடத்தில், 1851ல், ஜோசப் பாக்ஸ்டன் லண்டனில் இரும்பும் கண்ணாடியுமாகப் பளிங்கு மாளிகையைக் கட்டிவிட்டார். பாக்ஸ்டன் கட்டடக் கலைஞர்கூட இல்லை, தோட்டக்காரர்! பிரான்சில் லப்ரூஸ்ட் நூலகத்துக்குள்ளேயே இரும்புத் தூண்களை மறைக்காமல் நிறுத்தினார். வியோலே-லெ-துக் இன்னும் ஒரு படி மேலே போய், இரும்புக்கு என்று தனி வடிவம் வேண்டும், கல்லைப் போல வேஷம் போடக் கூடாது என்று எழுதினார். காலம் வியோலே-லெ-துக் பக்கம்தான் போனது. ரஸ்கின் எழுத்தின் அழகில் மயங்கலாம்; ஆனால் பிரிட்டானியா குழாய்க்கு முன் அவர் வாதம் நிற்காது. பாரம் முழுவதையும் தாங்குவது அங்கே இரும்புதான், வேடிக்கைக்கு நிற்பது கல்தான்.

இன்னொரு விசித்திரமும் உண்டு. எகிப்தியர்கள் அவ்வளவு கடினமான கற்களில் எழுத்துகளையும் உருவங்களையும் எப்படிச் செதுக்கினார்கள் என்ற கேள்விக்கு ஹீத் ஒரு பதில் வைத்திருந்தார்: இந்திய எஃகு உளியால்! ராயல் ஏசியாட்டிக் சொசைட்டியின் இதழில் அதை எழுதவும் செய்தார். இன்றைய ஆய்வாளர்கள் அதை ஏற்பதில்லை. டோலரைட் கல் சம்மட்டி, செம்புக் கருவி, தேய்ப்பதற்கு மணல் என்றுதான் சான்றுகள் காட்டுகின்றன. எகிப்துக் கோயில்களுக்குச் சேலத்து எஃகு போகவில்லை. எகிப்து வேஷம் போட்ட வேல்ஸ் பாலத்துக்குத்தான் போனது.

ஹீத்தின் முடிவு சோகமானது. எஃகு உருக்கும்போது மாங்கனீஸ் சேர்த்தால் தரம் கூடுகிறது என்று கண்டுபிடித்து 1839ல் காப்புரிமை வாங்கினார். ஷெஃபீல்டு முழுவதும் அந்த முறைக்கு மாறியது, எஃகு விலை இறங்கியது. ஆனால் காப்புரிமையில் எழுதிய பொருளைத் தனித்தனியாகப் பிரித்து உலையில் போட்டால் காசு தர வேண்டாம் என்று ஓர் ஓட்டை கண்டுபிடித்தார்கள். வருடக்கணக்கில் வழக்கு. தீர்ப்பு வருவதற்கு முன்பே ஹீத் போய்ச் சேர்ந்துவிட்டார். 1855ல் பிரபுக்கள் சபை கொடுத்த தீர்ப்பும் அவருக்கு எதிராகத்தான்.

ஆலைக்கும் அதே கதிதான். 1850களில் கம்பெனி கைமாறி, சேலத்திலேயே காவிரிக் கரையில் பூலாம்பட்டியிலும், திருவண்ணாமலையிலும் உலை வைத்துப் பார்த்தார்கள். 1860களில் எல்லாம் அணைந்தன. காரணம் தாது இல்லை, கரி. இங்கிலாந்தில் 1709லேயே ஆபிரகாம் டார்பி நிலக்கரியைச் சுட்ட கோக்கில் இரும்பு உருக்கிக் காட்டிவிட்டார். அங்கே சுரங்கத்துக்குப் பக்கத்திலேயே உலை. இங்கே ஒவ்வொரு டன் இரும்புக்கும் பல டன் மரக்கரி. காடு பின்வாங்கப் பின்வாங்கக் கரி வண்டியின் தூரம் கூடிக்கொண்டே போனது. உற்பத்தி பெருகினால் ஒரு டன்னுக்கான செலவு குறைய வேண்டும் என்பது விதி. இங்கே உற்பத்தி பெருகினால் செலவும் பெருகியது. சேலத்துக்கு ரயில் வந்தபோது அதன் தண்டவாளங்கள் கப்பலில் இங்கிலாந்திலிருந்து வந்தன. கஞ்சமலை கண்ணுக்கு எதிரே நின்றுகொண்டிருந்தது.

அடுத்து இங்கே எழுந்த கட்டடங்களிலும் அதே நிலைதான். செட்டிநாட்டு வீடுகளின் உத்தரங்களில் இங்கிலாந்துக் கம்பெனிகளின் பெயர் பொறித்திருப்பதை இன்றும் பார்க்கலாம். சிறு உலைக்காரர்களும் கொஞ்சம் கொஞ்சமாகத் தொழிலை விட்டார்கள். கொல்லனுக்கு ஊர் இரும்பைவிடச் சீமை இரும்பு மலிவு. அதில் கொல்லனைக் குறை சொல்ல முடியாது.

சேலத்துக்கு உருக்காலை வேண்டும் என்ற கோரிக்கை சுதந்திரத்துக்குப் பிறகு பெரிய அரசியல் பிரச்சினையானது. 1967 ஜூலையில் அண்ணா தலைமையில் இதையும் வலியுறுத்தி 'எழுச்சி நாள்' கொண்டாடப்பட்டது. 1970 செப்டம்பரில் இந்திரா காந்தி அடிக்கல் நாட்டினார். அதே 1970ன் மே 23 இரவு, வேல்ஸில், வௌவால் தேடிய சில பையன்கள் தீப்பந்தத்தோடு பிரிட்டானியா குழாய்க்குள் நுழைந்தார்கள். தார் பூசிய மரக்கூரை பற்றிக்கொண்டது. வெப்பத்தில் குழாய்கள் தொய்ந்துபோயின. நூற்றிருபது வருடம் ரயிலைத் தாங்கிய இரும்பைக் கழற்றி எறிந்துவிட்டு, கடற்படை அன்று வேண்டாம் என்ற அதே வளைவைக் கட்டி 1972ல் ரயிலை மறுபடி விட்டார்கள். 1980ல் மேலே சாலையும் வந்தது. கல் கோபுரங்களும் சிங்கங்களும் மட்டும் பழையவை. சிங்கங்கள் சாலை மட்டத்துக்குக் கீழே இருப்பதால் காரில் போகிறவர்கள் கண்ணில் படுவதில்லை. பழைய குழாயின் ஒரு துண்டைப் பாலத்தின் அருகே காட்சிக்கு வைத்திருக்கிறார்கள்.

சேலம் உருக்காலை 1980களின் தொடக்கத்தில் ஓட ஆரம்பித்தது. கஞ்சமலை அடிவாரத்தில்தான் இருக்கிறது. ஆனால் கஞ்சமலைத் தாதுவை அது உருக்குவதில்லை. வெளியிலிருந்து வந்த எஃகுச் சுருளைத் தகடாக உருட்டுவதுதான் அதன் முதல் வேலையாக இருந்தது. சில்லறைக் காசுகளுக்கான வட்டத் தகடுகளும் அங்கே வெட்டப்படுகின்றன.