செங்குத்துக் கோடு

மாயா டெரன் 1917இல் கீவ் நகரில் பிறந்து, சிறுவயதில் குடும்பத்துடன் அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்தவர். 1939இல் அவர் அளித்த முதுகலை ஆய்வேடு, பிரெஞ்சுக் குறியீட்டியம் ஆங்கிலக் கவிதையில் ஏற்படுத்திய தாக்கம் பற்றியது. கவிதையும் எழுதிப் பார்த்தார். படிமமாக எழுவதைச் சொல்லாக்குவது அவருக்கு மொழிபெயர்ப்பாகவே தோன்றியது. படக்கருவி அந்த இடைவேலையை ஒழித்தது.

1943இல் கணவர் அலெக்சாண்டர் ஹாமிடுடன் தம் வீட்டிலேயே எடுத்த ‘மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்’ 14 நிமிடப் படம். சாவி, கத்தி, முகத்தினிடத்தில் கண்ணாடி கொண்ட கரிய உருவம். இவை மீண்டும் மீண்டும் வருகின்றன, கதை நகர்வதில்லை. அடுத்து வந்த படங்களிலும் எழுத்து, இயக்கம், நடிப்பு, தொகுப்பு எனப் பல பொறுப்புகளை அவரே ஏற்றார். 1946இல் நியூயார்க்கில் ஓர் அரங்கை வாடகைக்கு எடுத்துத் தம் படங்களைத் தாமே திரையிட்டார்.

1953இல் ‘சினிமா 16’ சங்கம் கூட்டிய கருத்தரங்கில், நாடகம் நிகழ்ச்சியிலிருந்து நிகழ்ச்சிக்குக் கிடையாகச் செல்வது, கவிதை ஒரு கணத்துள் செங்குத்தாக இறங்குவது என்றார். உடனிருந்த டிலன் தாமஸ் கேலி செய்ய, அவை சிரித்தது. கேலி ஒரு கவிஞரிடமிருந்து வந்ததுதான் வியப்பு! கவிஞர்கள் இன்றும் எடைபோட வேண்டிய கருத்து அது என்பேன்.

ஹைட்டியில் 1947 முதல் எடுத்த சடங்கு நடனச் சுருள்களை அவரால் படமாக்க இயலவில்லை; 1953இல் நூலே வந்தது. 1961இல், 44 வயதில் மறைந்தார். பின்னர்ப் பிறர் அச்சுருள்களைத் தொகுத்தபோது, அந்நூலின் பகுதிகளையே விளக்கவுரையாகச் சேர்த்தனர்.