வேட்டைக்கு உரிமம் உண்டா? ஓசூர் எல்லையில் நின்று ஒரு சட்ட உரை

தளி, தேன்கனிக்கோட்டை, அஞ்செட்டி பக்கம் காப்புக்காட்டை ஒட்டிக் கொல்லை வைத்திருப்பவர்கள் ராகி கதிர் பிடித்துவிட்டால் கேட்கத் தொடங்கும் கேள்வி இது: “பன்றி சுடறதுக்கு லைசென்ஸ் எங்கங்க குடுக்கறாங்க?” ஓசூர் சிப்காட்டில் ஷிப்டு முடித்துவிட்டு ஏர்கன்னைத் தூக்கிக்கொண்டு ஏரிக்கரைக்குக் கிளம்பும் இளைஞர்களும் இதே கேள்வியை வேறு விதமாகக் கேட்கிறார்கள். பதில் இரண்டு சட்டங்களில் பிரிந்து கிடக்கிறது. ஒன்று 1972ஆம் ஆண்டு வன உயிரினப் பாதுகாப்புச் சட்டம், மற்றது 1959ஆம் ஆண்டு ஆயுதச் சட்டம். கலெக்டர் அலுவலகம் தரும் துப்பாக்கி உரிமத்தையே வேட்டை உரிமம் என்று நம்பி வழக்கில் மாட்டிக்கொள்வது இரண்டையும் சேர்த்துப் படிக்காததால் வருகிற வினை. எனவே இந்தப் பகுதிக்காரர்களுக்கு வேண்டிய பிரிவுகளை மட்டும் எடுத்து, ஒவ்வொன்றின் சாரத்தையும் சொல்லி, அதற்கு உரை எழுதுகிறேன்.

பிரிவு 9: முதல் இரண்டு பட்டியல்களில் உள்ள எந்த வன உயிரினத்தையும் 11, 12ஆம் பிரிவுகளின்படி அன்றி யாரும் வேட்டையாடக் கூடாது.

1972இல் இந்தப் பிரிவு இப்படி இருக்கவில்லை. முழுத் தடை அன்று முதல் பட்டியல் விலங்குகளுக்கு மட்டும்தான். மற்றவற்றுக்குத் தலைமை வன உயிரினக் காப்பாளரிடம் கட்டணம் கட்டி உரிமம் வாங்கலாம். சிறப்பு வேட்டை, பெருவிலங்கு வேட்டை, சிறுவிலங்கு வேட்டை, பொறிவைத்துப் பிடித்தல் என்று நான்கு வகை உரிமங்கள் இருந்தன. “எங்க தாத்தா லைசென்ஸ் வெச்சிருந்தாரு” என்று பெரியவர்கள் சொல்வது பொய்யல்ல. 1991ஆம் ஆண்டுத் திருத்தம் அந்த வழியை அடைத்துவிட்டது. அதற்குப் பிறகு பொழுதுபோக்கு வேட்டைக்கு உரிமம் என்று ஒரு தாள் இந்தியாவில் எந்த அலுவலகத்திலும் கிடையாது. வாங்கித் தருவதாகச் சொல்லி யாராவது பணம் கேட்டால் அது மோசடி.

பெங்களூரைச் சேர்ந்த கென்னத் ஆண்டர்சனின் வேட்டை நூல்களைப் படித்தவர்கள் இந்தப் பக்கம் நிறையப் பேர். 1954இல் வந்த அவருடைய முதல் நூலில் ஜவளகிரியின் ஆட்கொல்லிப் புலிக்கு ஒரு கதையே உண்டு. ஓசூர் அன்று சேலம் மாவட்டத்தில் இருந்தது. அவர் நடந்த காடுகளின் பெரும்பகுதி இன்று சரணாலயம். அந்தக் கதைகளைப் படித்துவிட்டுத் துப்பாக்கி ஆசை கொள்பவர்கள், அவர் காலத்துச் சட்டம் இப்போது உயிரோடு இல்லை என்பதை மனத்தில் வைக்க வேண்டும்.

2022ஆம் ஆண்டுத் திருத்தம் ஆறு பட்டியல்களை நான்காகக் குறைத்தது. 2023 ஏப்ரல் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. யானை, சிறுத்தை, மயில், உடும்பு, எறும்புதின்னி எல்லாம் முதல் பட்டியல். காட்டுப்பன்றி, புள்ளிமான், முயல் இரண்டாம் பட்டியல். “முயல்தானே” என்று இங்கே சாதாரணமாகச் சொல்கிறோம். சட்டம் அப்படிச் சொல்லவில்லை.

பிரிவு 2, உட்பிரிவு 16: கொல்வது, நஞ்சு வைப்பது, பிடிப்பது, துரத்துவது, கண்ணியோ பொறியோ வைப்பது, இரைகாட்டி இழுப்பது, இவற்றுக்கான முயற்சி எல்லாமே வேட்டை. பறவை, ஊர்வனவற்றின் முட்டையையும் கூட்டையும் குலைப்பதும் வேட்டை.

மற்ற எல்லாப் பிரிவுகளையும்விட இதைத்தான் ஊர்க்கூட்டங்களில் உரக்கப் படித்துக் காட்ட வேண்டும். துப்பாக்கி இல்லாமலேயே வேட்டைக் குற்றம் நடந்துவிடும் என்பது பலருக்குத் தெரியாது. பைக் கிளச் கேபிளைப் பிரித்து வேலி ஓட்டையில் மாட்டுகிற சுருக்கு வேட்டைதான். அதில் ஒன்றும் விழாவிட்டாலும், மாட்டியதே முயற்சி. பழத்துக்குள் வெடிமருந்தைப் பொதிந்து வைக்கும் அவுட்டுக்காயும் அப்படித்தான். வைப்பவர் பன்றியை நினைத்து வைக்கிறார். கடிப்பது யானைக்குட்டியாக இருந்தால், தாடை சிதைந்து தின்ன முடியாமல் நாள்கணக்கில் பட்டினி கிடந்து சாகும்.

மின்வேலி இன்னும் கொடியது. 2023 மார்ச் 7ஆம் தேதி பக்கத்துத் தருமபுரி மாவட்டத்தில் மாரண்டஅள்ளி அருகே, கொல்லையைச் சுற்றித் திருட்டு மின்சாரம் பாய்ச்சிய கம்பியில் மூன்று யானைகள் ஒரே இரவில் இறந்தன. கூட வந்த இரண்டு குட்டிகள் பிழைத்து, தாயற்று நின்றன. மின்கம்பத்திலிருந்து கொக்கி போட்டு நேராக இழுக்கும் கம்பி, தொட்ட உயிரை விடாது. இரவில் தண்ணீர் கட்டப் போகிற பக்கத்துக் கொல்லைக்காரரையும் விடாது. சோலார் வேலி வேறு. பெட்டியிலிருந்து விட்டுவிட்டு வரும் துடிப்பு அதிரவைத்து விரட்டுமே தவிர உயிரை எடுக்காது. அதற்கும் 2023இல் தமிழ்நாடு அரசு தனி விதிகள் போட்டு, பதிவு செய்யச் சொல்லியிருக்கிறது. செலவு கூடுதல்தான். ஆனாலும் மானியத்துக்கு அலைவது ஜாமீனுக்கு அலைவதைவிட மேல்.

பிரிவு 11(1)(அ): முதல் பட்டியல் விலங்கு மனித உயிருக்கு ஆபத்தாகிவிட்டாலோ, மீள முடியாத நோயிலோ ஊனத்திலோ விழுந்தாலோ, தலைமை வன உயிரினக் காப்பாளர் காரணம் எழுதி ஆணையிடலாம்.

யானைக்குப் பொருந்துவது இதுதான். பயிரைத் தின்றது என்பதற்காக இந்த உட்பிரிவில் ஆணை கிடைக்காது. ஆளுக்கு ஆபத்து என்று நிறுவ வேண்டும். பிடிக்கவோ, மயக்க ஊசி போடவோ, இடம் மாற்றவோ முடியாது என்றால்தான் கொல்லும் பேச்சே வரும்.

பிரிவு 11(1)(ஆ): இரண்டாம் பட்டியல் விலங்கு மனித உயிருக்கோ, நிற்கும் பயிர் உள்ளிட்ட உடைமைக்கோ ஆபத்தானால், தலைமை வன உயிரினக் காப்பாளரோ அவர் அதிகாரம் அளித்த அலுவலரோ, காரணம் எழுதி, குறிப்பிட்ட பகுதியில் அதை வேட்டையாட எவருக்கும் அனுமதி தரலாம்.

காட்டுப்பன்றிக்குச் சட்டம் திறந்து வைத்திருக்கும் வாசல் இது. நிற்கும் பயிர் என்று சட்டமே பெயர் சொல்லிக் குறிப்பிட்டிருப்பதை விவசாயிகள் பிடித்துக்கொள்ள வேண்டும். ராகியும் நிலக்கடலையும் சட்டத்தின் கண்ணில் காக்கப்பட வேண்டிய உடைமைகள். ஆணை எழுத்தில் இருக்க வேண்டும், காரணம் சொல்ல வேண்டும், இடத்தைக் குறிக்க வேண்டும். ரேஞ்சர் வாய்ச்சொல்லாகச் ‘சரி’ என்றது நீதிமன்றத்தில் நிற்காது.

‘எவருக்கும்’ என்று சட்டம் சொன்னாலும் மாநிலங்கள் அதை வெவ்வேறு விதமாகக் கையாள்கின்றன. கேரளம் 2022இல் உள்ளாட்சித் தலைவர்களுக்கே ஆணையிடும் அதிகாரத்தைக் கொடுத்து, உரிமத் துப்பாக்கி வைத்திருப்பவர்களைப் பயன்படுத்துகிறது. தமிழ்நாட்டில் 2025 ஜனவரியில் அப்போதைய வனத்துறை அமைச்சர் பொன்முடி சட்டப்பேரவையில் அறிவித்த முறை வேறு. காப்புக்காட்டு எல்லையிலிருந்து 1 கிலோமீட்டருக்குள் பன்றியைச் சுடக் கூடாது. 1 முதல் 3 கிலோமீட்டர் வரை கூண்டு வைத்துப் பிடித்துக் காட்டில் விட வேண்டும். 3 கிலோமீட்டர் தாண்டி வந்தால் சுடலாம், அதையும் வனத்துறையினர்தான் செய்ய வேண்டும்.

துப்பாக்கியை வனத்துறையின் கையில் வைத்தது சரியென்றே நினைக்கிறேன். நாட்டுத் துப்பாக்கி புழங்கும் இந்த மலைகளில், ஊராரிடம் சுடும் அனுமதியைக் கொடுத்தால் பன்றியோடு மானும் சேர்ந்து விழும். ஆனால் தூரக் கணக்கு எனக்கு உடன்பாடில்லை. உரிகம், அஞ்செட்டி, ஜவளகிரிப் பக்கத்துச் சிற்றூர்கள் பல காப்புக்காட்டின் விளிம்பிலேயே இருக்கின்றன. பன்றியால் அதிகம் இழப்பவர்கள் அவர்கள்தான். முதல் கிலோமீட்டருக்குள் வருவதால் சுடுவதும் இல்லை, கூண்டும் இல்லை. அவர்களுக்கு மிஞ்சுவது இழப்பீடும் வேலியும் மட்டுமே. அந்த இழப்பீடு அறுவடைக்குள் கைக்கு வந்து சேர வேண்டும். ஆளைச் சுருக்குக் கம்பிக்குத் தள்ளுவது தாமதம்தான்.

ஆகவே வனச்சரக அலுவலகத்துக்கு எழுதும் மனுவில், புல எண், பட்டா, பயிர், எத்தனை சென்ட் அழிந்தது, எந்த இரவு என்பதோடு காட்டு எல்லையிலிருந்து கொல்லை எவ்வளவு தூரம் என்பதையும் கட்டாயம் எழுதுங்கள். எந்த வளையத்தில் இருக்கிறீர்கள் என்பதை வைத்தே பதில் வரும். குளம்புத் தடமும் கிளறிய மண்ணும் தெரியும்படி, ஈரம் காயும் முன்பே படம் எடுத்துவிடுங்கள். மனு பெற்றதற்கு ஒப்புகை வாங்காமல் திரும்பாதீர்கள்.

எல்லைக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. ஆணை தந்த காப்பாளரின் அதிகாரம் தமிழ்நாட்டோடு முடிகிறது. தளிப் பக்கம் ஒரு வரப்பு தாண்டினால் கர்நாடகம், அந்தப் பக்கம் பன்னார்கட்டாக் காடு. விரட்டிக்கொண்டு போய் அங்கே சுட்டால் கையில் இருக்கும் ஆணை வெறும் தாள்.

பிரிவு 11(2): தன்னையோ பிறரையோ காப்பதற்காக நல்லெண்ணத்தோடு விலங்கைக் கொன்றால் குற்றமில்லை, அப்போது இந்தச் சட்டத்தை மீறிக்கொண்டிருந்தவருக்கு இந்தக் காப்பு இல்லை.

பின்பாதியைக் கவனியுங்கள். கொல்லையில் காவல் இருந்தவர் மேல் கரடி பாய்ந்தால் அது ஒன்று. சரணாலயத்துக்குள் கண்ணி வைக்கப் போனவர் மேல் பாய்ந்தால் அது வேறு.

பிரிவு 12: கல்வி, ஆய்வு, அருங்காட்சியகம், உயிர்காக்கும் மருந்துக்குப் பாம்பு நஞ்சு எடுத்தல் போன்றவற்றுக்குத் தனி அனுமதி.

தமிழ்நாட்டில் இந்த வழியில் நெடுங்காலமாக அனுமதி பெற்றுத் தொழில் செய்பவர்கள் மாமல்லபுரம் அருகே வடநெம்மேலியில் உள்ள இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கத்தினர். பாம்புத்தோல் வணிகம் தடைப்பட்டு வாழ்வு இழந்த இருளர்களுக்காக 1978இல் தொடங்கிய சங்கம் அது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் என நான்கைப் பிடித்து, நஞ்சு எடுத்துக் காட்டில் விடுகிறார்கள். மாசி சடையன், வடிவேல் கோபால் என்ற இரு இருளர்களுக்கு 2023இல் பத்மஸ்ரீ கிடைத்தது. வேட்டைத் திறமையைச் சட்டம் எப்படி மதிக்க முடியும் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் நம்மிடம் இல்லை.

ஆயுதச் சட்டம், பிரிவு 13(3)(அ): உண்மையான பயிர்க் காவலுக்கு, குழல்வாய் வழியே வெடிமருந்து கெட்டிக்கும் துப்பாக்கிக்கு உரிமம் தரலாம்.

கலெக்டர் அலுவலகத்தில் கிடைப்பது இதுதான். 21 வயது நிறைந்திருக்க வேண்டும். அடையாளச் சான்று, உடல்நலமும் மனநலமும் சரி என்ற மருத்துவச் சான்று, நிலத்துக்கான பத்திரங்கள், பூட்டி வைப்பதற்கான உறுதிமொழி வேண்டும். உள்ளூர்க் காவல் நிலைய அறிக்கையும் சேர்ந்த பிறகே முடிவு எடுப்பார்கள். 2019 திருத்தத்துக்குப் பிறகு உரிமம் ஐந்தாண்டு செல்லும். தேர்தல் வந்தால் துப்பாக்கியைக் காவல் நிலையத்தில் ஒப்படைக்கச் சொல்வார்கள். இத்தனையும் முடித்தாலும் கிடைப்பது ஆயுதம் வைத்திருக்கும் உரிமைதான். வன உயிரினச் சட்டத்தின் 11ஆம் பிரிவு ஆணை இல்லாமல் அதன் குண்டு பன்றி மேல் பாய்ந்தால் அது வேட்டைக் குற்றமே. 20 ஜூலுக்குக் குறைந்த ஏர்கன்னுக்கு உரிமம் தேவையில்லை என்பதும் இதே கணக்கு: வைத்திருக்கலாம், கௌதாரியைச் சுடக் கூடாது. குடகில் கொடவர்களுக்கு உரிமமே வேண்டாம் என்று விலக்கு இருக்கிறது. அவர்களுக்கும் வேட்டைத் தடை உண்டு.

வன உயிரினச் சட்டம், பிரிவு 34: சரணாலயம் அறிவித்த மூன்று மாதத்துக்குள், அதற்குள்ளோ 10 கிலோமீட்டர் சுற்றிலோ குடியிருந்து துப்பாக்கி வைத்திருப்பவர்கள் பெயரைப் பதிய வேண்டும். அந்தச் சுற்றுக்குள் புதிய உரிமத்துக்குத் தலைமை வன உயிரினக் காப்பாளரின் முன்னிசைவு வேண்டும்.

காவேரி வடக்கு வன உயிரினச் சரணாலயம் 2014இலும், காவேரி தெற்கு 2022இலும் அறிவிக்கப்பட்டன. இரண்டும் சேர்த்தால் 1,100 சதுர கிலோமீட்டருக்கு மேல். அவற்றைச் சுற்றி 10 கிலோமீட்டர் என்றால் மலைப்பக்கத்துக் கிராமங்கள் ஏறக்குறைய எல்லாம் அடங்கிவிடும். விண்ணப்பம் நகரவில்லையே என்று தாலுகா அலுவலகத்துக்கு நடப்பவர்கள், கோப்பு வனத்துறை இசைவுக்குக் காத்திருக்கிறதா என்று முதலில் கேட்டுப் பார்க்கலாம்.

பிரிவு 51: முதல் பட்டியல் விலங்கையோ, சரணாலயத்துக்குள்ளோ வேட்டையாடினால் மூன்று முதல் ஏழு ஆண்டு சிறையும் குறைந்தது 25,000 ரூபாய் அபராதமும். மற்றவற்றுக்கு மூன்றாண்டு வரை சிறை, அல்லது ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும்.

பிரிவு 39: ஆணைப்படி கொல்லப்பட்டதானாலும், தவறிக் கொல்லப்பட்டதானாலும், செத்துக் கிடந்ததானாலும் அந்த விலங்கு அரசின் சொத்து. கைக்கு வந்தவர் 48 மணி நேரத்துக்குள் காவல் நிலையத்துக்கோ உரிய அலுவலருக்கோ தெரிவிக்க வேண்டும்.

சாலையில் லாரி அடித்துப் போட்ட பன்றியைத் தூக்கிக்கொண்டு போய்க் கறி பங்கு போடுவது ராயக்கோட்டைச் சாலையிலும் தளிச் சாலையிலும் யாருக்கும் குற்றமாகத் தோன்றுவதில்லை. அடித்தவர் யாராக இருந்தாலும், கறியை வீட்டில் வைத்திருப்பவர் மேல்தான் வழக்கு வரும். வனத்துறை சுட்ட பன்றிக்கும் இதே விதிதான்: கொல்லைக்காரருக்கு அதில் பங்கு இல்லை, துறையே கொண்டுபோய்ப் புதைக்கும்.